பனையும் மலையும் ஒரு கோட்டில் வரும்போது

கட்டுமரம் கரையிலிருந்து பத்துக் கிலோமீட்டர் தள்ளி வந்திருக்கிறது. நாற்புறமும் ஒரே நீர். இங்கே தூண்டில் போடு, அங்கே போடாதே என்று சொல்ல அலைமேல் எந்த அடையாளமும் இல்லை. ஆனால் மரத்தில் நிற்கும் மூத்தவர் தண்ணீரைப் பார்ப்பதே இல்லை. விட்டுவந்த கரையைத் திரும்பிப் பார்க்கிறார்.

கிழக்கே மருந்துவாழ்மலையின் முகடு தெரிகிறது. அதற்கு முன்னால், கரையோரத்தில் ஓர் ஒற்றைப் பனை. துடுப்பு விழ விழப் பனை மெல்ல மெல்ல மலையை நோக்கி நகர்கிறது. கடைசியில் முகட்டுக்கு நேர்கீழே வந்து நிற்கிறது. அந்தக் கோட்டை விடாமல் மரம் முன்னேறுகிறது. இப்போது அவர் மேற்கே பார்க்கிறார். ஒரு தேவாலயக் கோபுரம் வேளிமலையின் ஒரு சரிவை மறைக்கப் போகிறது. மறைத்ததும் கை உயர்கிறது. கல் இறங்குகிறது. இருபது பாகம் ஆழத்தில், எந்தக் கண்ணும் பார்க்காத இருட்டில், ஒரு பார் இருக்கிறது. பார் என்றால் கடலடிப் பாறைத்திட்டு. கலவாவும் விளமீனும் கணவாயும் கூடும் இடம்.

குமரி மாவட்டக் கரையிலும் அதை ஒட்டிய திருவனந்தபுரக் கரையிலும் இந்தக் கலைக்குக் கணிச்சம் என்று பெயர். பிற பரிமாணங்களுக்கு வரைபடம் போடும் அறிஞர் குழாம் ஒன்றைக் கதாசிரியர்கள் கற்பனை செய்வதுண்டு. அப்படி ஒரு குழாம் நம் கரையில் உண்மையாகவே இருந்தது, இன்னும் கொஞ்சம் மிச்சமிருக்கிறது. அவர்கள் வரைந்த பரிமாணம் ஆழம். அதை எப்படி வரைந்தார்கள் என்று புரிந்துகொண்டால், பூமியின் உட்புறத்தையும், இருக்கிறதா என்றே தெரியாத கூடுதல் பரிமாணங்களையும் இயற்பியலாளர்கள் எப்படித் தேடுகிறார்கள் என்பதும் புரியும். வழி ஒன்றுதான்.

பரிமாணம் ஓர் இடமல்ல, ஓர் எண்

‘வேறு பரிமாணம்’ என்றதும் கதவைத் திறந்து நுழையும் மாய உலகம் நம் மனத்தில் தோன்றுகிறது. அறிவியலில் அந்தச் சொல்லின் பொருள் எளிமையானது. ஒரு பொருள் எங்கே இருக்கிறது என்று சொல்லக் குறைந்தது எத்தனை எண்கள் வேண்டுமோ, அத்தனை பரிமாணம்.

நாகர்கோவிலிலிருந்து கன்னியாகுமரி போகும் சாலையில் ஒரு பேருந்து நிற்கும் இடத்தைச் சொல்ல ஓர் எண் போதும்: புறப்பட்ட இடத்திலிருந்து இத்தனை கிலோமீட்டர். சுசீந்திரத்து வயல்வெளியில் நிற்கும் கொக்கின் இடத்தைச் சொல்ல இரண்டு எண்கள் வேண்டும். அந்தக் கொக்கு பறந்துவிட்டால் உயரமும் சேர்ந்து மூன்று.

உழவருக்கு மூன்றாவது எண் பெரும்பாலும் கண்முன்னே இருக்கிறது; வரப்பு எங்கே உயர்கிறது, மடை எங்கே தாழ்கிறது என்று பார்த்தே சொல்லிவிடலாம். மீனவருக்குக் கிடைப்பதோ ஒரு தட்டையான நீர்ப்பரப்பு மட்டும். அவர் வாழ்வைத் தாங்கும் மூன்றாவது எண் அந்தப் பரப்புக்குக் கீழே ஒளிந்திருக்கிறது. அதை அறியக் கயிற்றில் ஈயக்கட்டியைக் கட்டி இறக்குவார்கள். இரு கைகளையும் விரித்தால் வரும் நீளம் ஒரு பாகம், ஏறத்தாழ ஆறு அடி. கயிற்றைக் கை மாற்றி மாற்றி இழுத்து எண்ணினால் ஆழம் தெரியும். கட்டி தரையில் தட்டும் விதத்தில் அடியில் சேறா, மணலா, பாரா என்பதும் கைக்குத் தெரியும்.

ஆனால் ஓர் இடத்தில் ஆழத்தைக் கண்டுவிட்டால் மட்டும் அது வரைபடமாகிவிடாது. நாளை அதே இடத்துக்குத் திரும்பி வர முடிய வேண்டும். அடையாளமே இல்லாத நீர்மேல் ஒரு புள்ளியை எப்படிக் குறித்துவைப்பது? நீர் ஓடிக்கொண்டே இருக்கிறது. நம் மீனவர்கள் நீவாடு என்று சொல்லும் நீரோட்டம் மரத்தை எந்நேரமும் இழுக்கிறது. இதற்குக் கிடைத்த விடைதான் கணிச்சம்.

கணிச்சத்தின் கணக்கு

நாகர்கோவிலில் பேருந்தேறி இடப்பக்கச் சன்னலோரம் உட்கார்ந்தால் இந்தக் கணக்கின் சாரத்தைப் பார்த்துவிடலாம். சாலையோரத் தென்னைகள் விரைந்து பின்னால் ஓடும். தூரத்து மருந்துவாழ்மலையோ நெடுநேரம் நம்மோடு கூடவே வரும். நாம் நகரும்போது அருகிலுள்ளது அதிகமாக இடம்பெயர்வதாகத் தோன்றுகிறது, தூரத்திலுள்ளது குறைவாக. இதை இடமாறு தோற்றம் என்கிறோம். விண்மீன்களின் தூரத்தை வானியலாளர்கள் அளந்ததும் இதை வைத்துத்தான்.

இப்போது கடலுக்கு வருவோம். படகிலிருந்து 10 கிலோமீட்டரில் ஒரு பனை, அதற்கும் 10 கிலோமீட்டர் பின்னால் ஒரு மலைமுகடு என்று வைத்துக்கொள்வோம். இரண்டும் ஒரு கோட்டில் இருக்கின்றன. படகு பக்கவாட்டில் சற்றே விலகினால் பனை மலையைவிட்டு நகர்ந்ததாகத் தெரியும். நல்ல பார்வையுள்ள மனிதக் கண் பிரித்தறியக்கூடிய மிகச் சிறிய கோணம் ஒரு கலை, அதாவது ஒரு பாகையில் அறுபதில் ஒரு பங்கு. கணக்குப் போட்டால், படகு வெறும் 6 மீட்டர் விலகியதுமே அந்த ஒரு கலை வேறுபாடு வந்துவிடுகிறது. அலையில் ஆடும் மரத்தில் நின்று பார்ப்பதால் இந்தத் துல்லியம் குறையத்தான் செய்யும். ஆனாலும் பத்துக் கிலோமீட்டர் தொலைவில், எந்தக் கருவியும் இல்லாமல், ஓரிரு வீட்டின் நீள அளவுக்குள் தன் கோட்டைப் பிடித்துவிட முடியும் என்பது வியப்புக்குரியது.

அதே பனைக்கு ஒரு கிலோமீட்டர் மட்டுமே பின்னால் இருக்கும் ஒரு கட்டடத்தைத் துணைக்கு எடுத்தால் என்ன ஆகும்? 32 மீட்டர் விலகிய பிறகுதான் வேறுபாடு கண்ணுக்குத் தெரியும். அதனால்தான் முன்குறி கரையிலும் பின்குறி மலையிலும் இருக்க வேண்டும். இரண்டுக்கும் நடுவே தூரம் கூடக்கூடக் கணிச்சம் கூர்மையாகிறது.

ஒரு கோடு கிடைத்தால் போதாது. அந்தக் கோட்டில் எந்த இடம் என்று சொல்ல இரண்டாவது கோடு வேண்டும். இரண்டும் ஏறத்தாழச் செங்கோணத்தில் வெட்டினால் புள்ளி தெளிவாக விழும். 30 பாகையில் சாய்ந்து வெட்டினால் பிழை இரட்டிப்பாகிவிடும். ஆகவே நல்ல கணிச்சத்துக்கு வெவ்வேறு திசைகளில் மலைகள் வேண்டும்.

குமரிக் கரையின் பேறு இங்கேதான் இருக்கிறது. மேற்குத் தொடர்ச்சி மலை தன் தென்கோடியில் கடலை நெருங்கி வந்து முடிகிறது. மகேந்திரகிரி, ஆரல்வாய்மொழிக் கணவாயின் இருபுறக் குன்றுகள், வேளிமலை, தனித்து நிற்கும் மருந்துவாழ்மலை என்று பின்குறிகள் வரிசையாக நிற்கின்றன. தட்டையான தஞ்சைக் கரையில் இப்படி ஒரு கலை இந்த அளவு வளர வாய்ப்பில்லை. நிலத்தின் அமைப்பே இந்த ஊர் மீனவர்களுக்கு அளவுகோலாயிற்று.

இயற்பியல் கண்ணோடு பார்த்தால் கணிச்சத்தில் இன்னொரு நுட்பம் இருக்கிறது. அதில் எண்ணே இல்லை. பனைக்கும் மலைக்கும் நடுவே எத்தனை பாகை என்று யாரும் அளப்பதில்லை. வேறுபாடு இருக்கிறதா, மறைந்துவிட்டதா என்று மட்டும் பார்க்கிறார்கள். இது தராசின் முறை. தராசுமுள் நடுவில் நின்றால் எடை சரி. வேறு கணக்கு வேண்டாம். வேறுபாடு பூச்சியமாகும் கணத்தைத் தேடுவது அளவியலின் மிகத் துல்லியமான உத்திகளில் ஒன்று. அதைக் கட்டுமரத்தில் நின்று கண்டுகொண்டவர்களை அறிஞர் என்று சொல்ல எனக்குத் தயக்கமில்லை.

கரை தாழும் கணக்கு

கடலுக்குள் போகப் போகக் கரை தாழ்கிறது. முதலில் மணலும் குடிசைகளும் மறைகின்றன, பிறகு பனைகள், பிறகு கோபுரங்கள், கடைசியாக மலைகள். பூமி உருண்டையாக இருப்பதால் இந்த வரிசை. எது மறைந்தது, எது இன்னும் தெரிகிறது என்பதிலிருந்து கரையிலிருந்து எவ்வளவு தூரம் வந்திருக்கிறோம் என்று அனுபவசாலிகள் சொல்லிவிடுவார்கள்.

இதற்கு எளிய கணக்கு உண்டு. உயரத்தை மீட்டரில் எடுத்து அதன் வர்க்கமூலத்தை 3.57-ஆல் பெருக்கினால், அந்த உயரத்திலிருந்து அடிவானம் எத்தனை கிலோமீட்டர் என்று வரும். மரத்தில் நிற்பவரின் கண் நீரிலிருந்து 2 மீட்டர் உயரத்தில் இருந்தால் அவருடைய அடிவானம் 5 கிலோமீட்டரில் முடிந்துவிடும். 20 மீட்டர் உயரப் பனையின் கொண்டைக்கு 16 கிலோமீட்டர். இரண்டையும் கூட்டினால் 21 கிலோமீட்டர் வரை பனை தெரியும். 2000 சனவரி 1-இல் திறக்கப்பட்ட 133 அடி வள்ளுவர் சிலை ஏறத்தாழ 28 கிலோமீட்டர் வரை தெரிய வேண்டும்; சிலை நிற்கும் பாறையின் உயரத்தைச் சேர்த்தால் இன்னும் சற்றுக் கூடும். ஏறத்தாழ 1,650 மீட்டர் உயரமுள்ள மகேந்திரகிரிக்கோ கணக்குப்படி 150 கிலோமீட்டர். பனிமூட்டமும் தூசியும் குறுக்கிடாத நாள்களில்தான் அது முழுதும் கிட்டும்.

குமரிமுனைக்குத் தெற்கே வாட்ஜ் கரை என்னும் பரந்த கடலடி மேடு இருக்கிறது. 1976 மார்ச் மாதத்தில் இந்தியாவும் இலங்கையும் செய்துகொண்ட உடன்பாட்டில் இதன்மீது இந்தியாவுக்குள்ள இறையாண்மை உரிமை உறுதியாயிற்று. அவ்வளவு பெரிய மீன்வளப் பகுதியின் ஓரங்களை நம் மீனவர்கள் மலைகளைக் கொண்டும் கயிற்றைக் கொண்டும் அறிந்து வைத்திருந்தார்கள்.

அரை டன் கருவியோடு வந்தவர்

1802 ஏப்ரலில் சென்னைப் பரங்கிமலை அருகே வில்லியம் லாம்டன் என்ற ஆங்கிலேயப் படை அதிகாரி சங்கிலி கொண்டு தரையில் ஓர் அடிக்கோடு அளந்தார். ஏழரை மைல் நீளம். அதை அளக்க 57 நாள் பிடித்தது. அந்த ஒரு கோட்டின் இரு முனைகளிலிருந்தும் தூரத்து மலையுச்சியை நோக்கிக் கோணங்களை அளந்தால் முக்கோணம் கிடைக்கும். அதன் ஒரு பக்கத்தை அடுத்த முக்கோணத்துக்கு அடிக்கோடாக்கலாம். இப்படி முக்கோணம் மேல் முக்கோணமாக அவர் தென்னிந்தியா முழுதும் நடந்தார். அவருடைய தியோடலைட் என்னும் கோணமானி அரை டன் எடை. அதைக் கோயில் கோபுரங்களிலும் குன்றுகளிலும் ஏற்றினார்கள். 1808-இல் தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தில் ஏற்றும்போது கயிறு அறுந்து கருவி சேதமடைந்தது. லாம்டன் அதைத் தாமே உட்கார்ந்து சீர்செய்தார்.

1809 வாக்கில் இந்த முக்கோணச் சங்கிலி குமரிமுனைக்கு அருகே, ஆங்கிலேயர் ஏடுகளில் புன்னே என்று குறிக்கப்பட்ட நிலையத்தை அடைந்தது. இமயம்வரை ஏறத்தாழ 2,400 கிலோமீட்டர் நீண்ட பெருவளைவுக்கு அதுவே தென்முனையாயிற்று. லாம்டன் 1823-இல் இறந்தபிறகு ஜார்ஜ் எவரெஸ்ட் அந்த வேலையை வடக்கே கொண்டு போனார்.

லாம்டன் தேடியது நிலத்தின் எல்லைகளை மட்டுமல்ல. பூமியின் வளைவு தென்கோடியில் எவ்வளவு, வடக்கே எவ்வளவு என்று அறிய விரும்பினார். குன்றில் நின்ற அவரும் கட்டுமரத்தில் நின்ற மீனவரும் ஒரே மலைகளையே பார்த்தார்கள், ஒரே வடிவியலையே கையாண்டார்கள். ஒருவர் கோணத்தை எண்ணாக்கி ஏட்டில் எழுதினார். மற்றவர் கோணமே இல்லாத கணத்தைத் தேடி நினைவில் எழுதினார்.

கோடுகள் பொருந்தாத இடம்

முக்கோணச் சங்கிலி வட இந்தியாவை எட்டியபோது ஒரு சிக்கல் எழுந்தது. கலியான்பூர், கலியானா என்ற இரு நிலையங்களுக்கு நடுவேயுள்ள அட்சரேகை வேறுபாட்டை முக்கோணங்களால் கணக்கிட்டபோது ஒரு விடை வந்தது. விண்மீன்களைப் பார்த்துக் கணக்கிட்டபோது வேறொரு விடை வந்தது. வேறுபாடு 5.24 விகலை; ஒரு கலையில் அறுபதில் ஒரு பங்கு ஒரு விகலை. தரையில் அது ஏறத்தாழ 160 மீட்டர். அவ்வளவு கவனமாகச் செய்த வேலையில் இந்தப் பிழை இருக்கக்கூடாது.

விண்மீன் பார்ப்பவர் தூக்குக்குண்டின் நூலைக் கொண்டுதான் ‘நேர்மேல்’ எது என்று முடிவு செய்கிறார். இமயத்தின் பெருநிறை அந்தக் குண்டைத் தன் பக்கம் இழுத்திருக்கலாம் என்று கல்கத்தாவில் பேராயருக்கு அடுத்த நிலையில் இருந்த மதகுரு ஜான் ஹென்றி பிராட் கணக்குப் போட்டார். விடை அவரையே திகைக்க வைத்தது. இமயம் இழுத்திருந்தால் ஏறத்தாழ 16 விகலை விலகியிருக்க வேண்டும். விலகியதோ மூன்றில் ஒரு பங்கு மட்டும். மலை இருக்கிறது, ஆனால் மலைக்குரிய இழுப்பு இல்லை. 1855-இல் ஆங்கிலேய வானியலாளர் ஜார்ஜ் ஏரி ஒரு விளக்கம் தந்தார்: மலையின் கீழே, எடை குறைந்த பாறையாலான ஆழமான வேர் இருக்க வேண்டும். நீரில் மிதக்கும் மரக்கட்டையின் பெரும்பகுதி நீருக்குள் அமிழ்ந்திருப்பது போல, மலைகள் அடர்த்தி மிகுந்த அடிப்பாறைமேல் மிதக்கின்றன. நிலவியலின் அடிப்படைக் கருத்துகளில் ஒன்று இப்படித்தான் பிறந்தது.

இங்கே நின்று யோசிக்க வேண்டும். மீனவருக்கு இரண்டு குறிகள் பொருந்தியபோது புலப்படாத ஓர் இடம் கிடைத்தது. அளவையாளர்களுக்கு இரண்டு அளவுகள் பொருந்தாதபோது புலப்படாத ஓர் ஆழம் கிடைத்தது. காணாத பரிமாணத்தை வரைபவரின் வேலையே இதுதான்: காண்பவற்றை ஒரு கோட்டில் நிறுத்திப் பார்ப்பது, அவை பொருந்தினால் இடத்தைக் குறிப்பது, பொருந்தாவிட்டால் ஏன் என்று கேட்பது.

குமரிமுனையில் ஆடிய ஊசல்

அந்த ‘ஏன்’ மீண்டும் புன்னே நிலையத்துக்கே வந்தது. 1865-இல் தொடங்கி ஜேம்ஸ் பலேடியோ பசேவி என்ற அதிகாரி, லண்டன் ராயல் சொசைட்டி இரவல் தந்த பித்தளை ஊசல்களோடு இந்தியா முழுதும் அலைந்தார். ஊசல் ஒரு முறை ஆட எடுக்கும் நேரம் அதன் நீளத்தையும் அங்குள்ள ஈர்ப்பின் வலிமையையும் பொறுத்தது. நீளம் மாறாவிட்டால், ஆட்ட நேரமே ஈர்ப்பைச் சொல்லிவிடும். நிலநடுக்கோட்டில் ஈர்ப்பு துருவத்தைவிட அரை விழுக்காடுதான் குறைவு. ஆனாலும் துருவத்தில் சரியாக ஓடிய ஊசல் கடிகாரத்தை நிலநடுக்கோட்டுக்குக் கொண்டுவந்தால் நாளொன்றுக்கு ஏறத்தாழ 3 நிமிடம் 50 நொடி பின்தங்கிவிடும்.

அவர் அளந்த முறைதான் என்னை ஈர்க்கிறது. கடிகாரத்தின் ஊசலுக்கு முன்னால் சோதனை ஊசலைத் தொங்கவிட்டு, தொலைநோக்கி வழியாகப் பார்ப்பார்கள். இரண்டின் வேகமும் சிறிதளவு வேறு. முன்னுள்ளது பின்னுள்ளதைச் சரியாக மறைக்கும் கணம் எப்போதாவது ஒருமுறை வரும், பிறகு இரண்டும் விலகும், மீண்டும் பொருந்தும். இரு பொருத்தங்களுக்கு நடுவே எத்தனை நொடி என்று எண்ணினால் போதும். அந்த இடைவெளி 500 நொடியாக இருந்து, அதை ஒரு நொடி தவறாகக் குறித்தாலும், ஊசலின் வேகத்தில் வரும் பிழை லட்சத்தில் ஒரு பங்கைவிடக் குறைவு. பனை மலையை மறைக்கும் கணத்தைப் பார்க்கும் அதே கண்தான் இது. இடத்தில் நடந்த பொருத்தம் இங்கே காலத்தில் நடக்கிறது.

பசேவி மினிக்காய் தீவிலும் ஊசலை ஆட்டினார். ஏறத்தாழ அதே அட்சரேகையிலுள்ள கரையோர நிலையங்களைவிட அந்தத் தீவில் ஈர்ப்பு கூடுதலாக இருந்தது. கடலுக்கடியிலுள்ள பாறை கண்டத்தின் பாறையைவிட அடர்த்தி மிகுந்தது என்பதற்கு அது ஒரு சான்று. 1871 சூலையில், லடாக்கின் உயர்நிலத்தில் இதே ஆய்வில் இருக்கும்போது அவர் உயிரிழந்தார்.

குமரிக்குத் தெற்கே ஒரு பள்ளம்

ஊசல் காட்டிய வழியில் போனால் குமரிக் கடலின் பெரும்புதிர் ஒன்றை அடையலாம். 1948-இல் டச்சு நாட்டு அறிவியலாளர் வெனிங் மைனஸ் கப்பலில் ஈர்ப்பை அளந்தபோது, இந்தியாவின் தென்முனைக்குத் தெற்கே ஈர்ப்பு வழக்கத்தைவிடக் குறைவான ஒரு பெரும்பகுதியைக் கண்டார். ஈர்ப்பு குறைந்த இடத்தில் நீர் குவிந்து நிற்காது. சுற்றியுள்ள வலுவான ஈர்ப்பு அதைத் தன் பக்கம் இழுத்துக்கொள்ளும். சீரான பூமியில் இருக்க வேண்டிய மட்டத்தைவிட அங்கே கடல் மட்டம் ஏறத்தாழ 106 மீட்டர் தாழ்ந்திருக்கிறது. பரப்பு 30 லட்சம் சதுர கிலோமீட்டருக்கும் மேல். உலகிலேயே மிக ஆழமான ஈர்ப்புப் பள்ளம் இதுதான்.

அந்தப் பள்ளத்தின்மேல் போகும் கப்பலுக்கு இறங்குவது தெரியாது. தூக்குக்குண்டும் அந்தச் சரிவுக்கேற்பத் திரும்பிவிடுவதால், எங்கும் நீர் சமமாகவே தெரியும். கண்ணாலோ மட்டப்பலகையாலோ இதைப் பிடிக்க முடியாது. ஈர்ப்பு என்ற கூடுதல் எண்ணைச் சேர்த்தால்தான் படம் கிடைக்கும்.

2023-இல் பெங்களூர் இந்திய அறிவியல் நிறுவனத்தின் தேபஞ்சன் பால், அத்ரேயி கோஷ் இருவரும் இதற்கு விளக்கம் தேடினார்கள். கடந்த பல கோடி ஆண்டுகளில் பூமியின் உட்பாறை நகர்ந்த விதத்தைக் கணினியில் மீட்டுருவாக்கிப் பார்த்தார்கள். பழைய டெதிஸ் கடலின் அடித்தட்டு பூமிக்குள் மூழ்கி ஆழத்தைக் கலக்கியது. அதனால் ஆப்பிரிக்காவுக்குக் கீழிருந்து வெப்பமான, அடர்த்தி குறைந்த பாறை எழுந்து இந்தியப் பெருங்கடலின் கீழே பரவியது. அந்த லேசான பாறையே ஈர்ப்பைக் குறைக்கிறது என்பது அவர்கள் கண்ட விடை. கூட்டப்புளியிலிருந்தோ தூத்தூரிலிருந்தோ ஆழ்கடலுக்குப் போகும் படகின் கீழே, இல்லாமல்போன ஒரு கடலின் தடம் இருக்கிறது.

பனையேறிக்குத் தெரிந்த பரிமாணம்

நீளம், அகலம், உயரம், காலம் ஆகிய நான்குக்கும் மேல் பரிமாணம் உண்டா? ஜெர்மானியக் கணிதர் தியோடர் கலூசா 1921-இல் வெளியிட்ட கட்டுரையில் ஐந்தாவது பரிமாணம் ஒன்றைச் சேர்த்தார். ஐன்ஸ்டீனின் ஈர்ப்பும் மின்காந்தமும் ஒரே சமன்பாட்டில் அடங்கின. 1926-இல் ஆஸ்கார் கிளைன், அந்தப் பரிமாணம் மிக மிகச் சிறிதாகச் சுருண்டிருப்பதால் நமக்குத் தெரியவில்லை என்றார். பின்னாளில் வந்த இழைக்கோட்பாட்டுக்குப் பத்துப் பரிமாணங்கள் தேவைப்படுகின்றன.

சுருண்ட பரிமாணம் என்பதைப் புரிந்துகொள்ளக் கணிச்சத்துப் பனையே போதும். பத்துக் கிலோமீட்டருக்கு அப்பாலிருந்து பார்க்கும் மீனவருக்கு அது ஒரு கோடு. மேலே, கீழே என்ற ஒரே பரிமாணம். அதில் ஏறும் பனையேறிக்குத்தான் அதற்குச் சுற்றளவும் உண்டு, அதைச் சுற்றி நகரலாம் என்று தெரியும். அருகே போனவருக்கு மட்டும் தெரியும் பரிமாணம் அது.

அருகே போவது எப்படி? ஈர்ப்புதான் வழி. இரவில் மீன்பிடிக்க ஏற்றும் விளக்கின் ஒளி எல்லாத் திசையிலும் பரவுகிறது. தூரம் இரு மடங்கானால் ஒளி நான்கு மடங்கு பரப்பில் சிதறி நான்கில் ஒன்றாகக் குறைகிறது. ஈர்ப்பும் அப்படியே; அதுதான் நியூட்டனின் விதி. பரவ இன்னொரு திசையும் இருந்தால், இரு மடங்கு தூரத்தில் எட்டில் ஒன்றாகக் குறையும். ஆகவே மிக நெருக்கத்தில் இரு பொருள்களின் ஈர்ப்பை அளந்து, அது நான்கில் ஒன்றா, எட்டில் ஒன்றா என்று பார்த்தால், ஒளிந்திருக்கும் பரிமாணம் தன்னைக் காட்டிக்கொள்ளும்.

அமெரிக்காவின் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் மெல்லிய இழையில் ஒரு தட்டைத் தொங்கவிட்டு, அதற்குக் கீழே இன்னொரு தட்டைச் சுழற்றி, இழை எவ்வளவு திருகுகிறது என்று பல ஆண்டுகளாக அளந்துவருகிறார்கள். நியூட்டன் சொல்லும் திருகலும் கண்ட திருகலும் ஒன்றன்மேல் ஒன்று பொருந்துகின்றனவா என்பதே கேள்வி. 2020-இல் 52 மைக்ரோமீட்டர் இடைவெளிவரை, தலைமுடியின் தடிப்பைவிடச் சிறிய தூரம்வரை, நெருங்கிப் பார்த்தார்கள். இரண்டும் பொருந்தின. ஐந்தாவது பரிமாணத்தின் கரை இன்னும் தென்படவில்லை. ஆனால் இந்தத் தூரத்தைவிட அது பெரிதாக இல்லை என்ற செய்தியும் வரைபடத்தில் ஒரு கோடுதான். ஈயக்கட்டியை இறக்கிவிட்டு ‘இங்கே பார் இல்லை, சேறு’ என்று சொல்வதும் அறிவே.

கரைமேல் எழுதிய வரைபடம்

இன்று படகில் ஜிபிஎஸ் இருக்கிறது, ஒலியால் ஆழம் பார்க்கும் கருவி இருக்கிறது. ஜிபிஎஸ் கருவி நான்கு செயற்கைக்கோள்களையாவது பார்க்க வேண்டும்: மூன்று எண்கள் இடத்துக்கு, நான்காவது நேரத்துக்கு. செயற்கைக்கோள் கடிகாரங்கள் சார்பியல் விளைவால் நாளொன்றுக்கு 38 மைக்ரோநொடி முந்துகின்றன. அதைத் திருத்தாவிட்டால் இடம் கிலோமீட்டர் கணக்கில் தவறிவிடும். கணிச்சத்தின் அதே வடிவியல் நான்கு பரிமாணத்துக்கு உயர்ந்த நிலை இது. உயிரைக் காக்கும் இந்தக் கருவி மீனவர் கையில் இருக்கத்தான் வேண்டும்.

ஆனால் கருவி எண்ணை மட்டும் தரும். கணிச்சம் தந்தது அதைவிடப் பெரியது. பாருக்குப் பெயர் உண்டு; எந்த மாதம் எந்த மீன் அங்கே கூடும், எந்த நீவாட்டில் வலை பாரில் சிக்கும், கச்சான் காற்று வீசும்போது எந்தப் பக்கத்திலிருந்து அணுக வேண்டும் என்ற அறிவு அந்தப் பெயரோடு ஒட்டியிருந்தது. தந்தை மகனுக்குக் காட்டிக்கொடுத்த அந்த அறிவு ஏட்டில் ஏறவில்லை. திருவனந்தபுரக் கரையில் ராபர்ட் பனிப்பிள்ளையின் ‘பிரண்ட்ஸ் ஆஃப் மரைன் லைஃப்’ குழு மீனவர்களின் துணையோடு பார்களில் முக்குளித்துப் பதிவு செய்துவருகிறது. நம் கரையில் வறீதையா கான்ஸ்தந்தின் நெய்தல் வாழ்வைத் தமிழில் தொடர்ந்து எழுதிவருகிறார். இந்த வேலை ஊர்தோறும் நடக்க வேண்டும்.

அதைச் செய்பவர்கள் ஒன்றை மறக்கக் கூடாது. பாரின் இடம் ஒரு குடும்பத்தின், ஓர் ஊரின் வாழ்வாதாரம். அதைப் பொதுவில் போட்டால் இழுவைப்படகுகள் முதலில் வந்து சேரும். எதைப் பதிய வேண்டும், எதை ஊருக்குள் வைத்துக்கொள்ள வேண்டும் என்பதை அந்த ஊரே முடிவு செய்ய வேண்டும். வரைந்தவருக்கே வரைபடம் சொந்தம்.

இன்னொன்றும் இருக்கிறது, அதுதான் என்னை அதிகம் வருத்துகிறது. எந்த வரைபடமும் தாளிலோ துணியிலோ இருக்கும். கணிச்சம் என்ற வரைபடம் நிலத்தின்மேலேயே எழுதப்பட்டது. கடலடியின் படம், கரையிலுள்ள பனையிலும் மலையிலும் இருக்கிறது. குமரி மாவட்டத்தில் கல்குவாரிகள் குன்றுகளைக் கரைக்கின்றன. கரையோரப் பனைகள் விழுகின்றன. நிலத்தை மட்டும் பார்ப்பவருக்கு அது கல்லின் இழப்பு, மரத்தின் இழப்பு. கடலிலிருந்து திரும்பிப் பார்ப்பவருக்கு இன்னொன்றும் தெரியும். ஒரு குன்றின் முகடு உடைபடும் நாளில், இருபது பாகம் ஆழத்திலுள்ள ஒரு பாருக்குப் போகும் வழியும் உடைகிறது.

மூத்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள். மலைகளில் பெரும்பாலானவை இன்னும் நிற்கின்றன. படகேறி அவர்களோடு போய், அவர்கள் திரும்பிப் பார்க்கும் திசையில் நாமும் திரும்பிப் பார்த்து, பனை மலையை மறைக்கும் அந்தக் கணத்தை அவர்கள் வாயால் கேட்டு எழுதிவைக்க இன்னும் நேரம் இருக்கிறது.